முப்பத்தொரு பேருக்கு ஒரே நெஞ்சு

முதலில் மூக்குக் கண்ணாடியில்தான் தெரிந்தது.

காலையில் ஆபீசைத் திறந்ததும் கண்ணாடியைக் கழற்றி, வாயருகே பிடித்து, ‘ஹா’ என்று ஊதி, கைக்குட்டையால் துடைத்துப் போட்டுக்கொள்வது ஆத்மநாதனின் பதினாறு வருடப் பழக்கம். அந்த வியாழக்கிழமையும் ஊதினார். கண்ணாடியில் ஆவி படியவில்லை. ஆவி படிய வேண்டிய இடத்தில், அதே வட்டத்தில், சாம்பல் நிற மாவு படிந்திருந்தது. விரலால் தொட்டுப் பார்த்தார். ஈரமே இல்லை. இரண்டு விரல்களுக்கு நடுவே அது நறநறத்தது.

கிரஷரில் தூசி கொட்டாமல் பூவா கொட்டும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டு துடைத்தார். மனம் ஒப்பவில்லை. திருமயத்திலிருந்து உள்ளே பிரிகிற ரோட்டில் இருந்தது அந்தக் கல்லுடைக்கும் கிரஷர். அங்கே வேப்பமரம், டீக்கடைக் கூரை, படுத்திருக்கும் நாய் எல்லாம் ஒரே நிறம்தான். ஆனால் மேனேஜர் அறை அப்படியில்லை. ஏசி உண்டு, விளிம்பில் ரப்பர் பட்டை வைத்த கண்ணாடிக் கதவு உண்டு, செருப்பை வெளியே விடவும் என்று ஒரு போர்டு உண்டு. பாறை நொறுங்குகிற சத்தமே அங்கே அமுங்கித்தான் கேட்கும். அந்த அறைக்குள் தூசி வரவேண்டுமென்றால் யாராவது கொண்டுவந்தால்தான் உண்டு.

ஆத்மநாதன் கெட்டவர் இல்லை. அவரைக் கேட்டால் அப்படித்தான் சொல்வார். கிரஷரில் தண்ணீர் தெளிக்கும் குழாய்கள் இருந்தன. ஈரத்தூள் சல்லடையை அடைக்கிறது என்பதால் அதிகாரிகள் வருகிற நாளில் மட்டும் திறப்பார்கள். அது முதலாளி முடிவு. சாயங்காலம் ஆளுக்கொரு வெல்லக்கட்டி கொடுப்பார்கள். வெல்லம் தூசியை வாரிக்கொண்டு வயிற்றுக்குள் இறங்கிவிடும் என்று வேலையாட்கள் நம்பினார்கள். நெஞ்சுக்குப் போகிற வழி வேறு, வயிற்றுக்குப் போகிற வழி வேறு என்பது ஆத்மநாதனுக்குத் தெரியும். கருங்கல் தூளில் கண்ணுக்கே தெரியாத பங்குதான் உள்ளே போய்த் தங்கும், தங்கிய இடமெல்லாம் தழும்பு கட்டும், வேலையை விட்டாலும் தழும்பு வளரும், அதற்கு மருந்து கிடையாது என்று ஒரு பயிற்சி வகுப்பில் சமோசா தின்றபடி கேட்டிருக்கிறார். யாரிடமும் சொல்லவில்லை. வெல்லம் மலிவு.

நெஞ்சுப் படம்கூட அவர் யோசனை இல்லை. வருடத்துக்கு ஒருமுறை எல்லாருக்கும் எக்ஸ்ரே எடுத்து ஃபைலில் வைக்க வேண்டும். ஏழு வருடத்துக்கு முன்னால், டிரில் அடிக்கிற ராக்கன்தான் கதவைப் பாதி திறந்து தலையை நீட்டிக் கேட்டான்.

“புதுக்கோட்டைக்குப் போய்ட்டு வந்தா ஒருநாள் வேல போயிரும் சார். படத்துல ஏதாச்சும் தெரிஞ்சா மொத்த வேலையும் போயிரும். ஒங்க படத்தையே எல்லாத்துக்கும் வச்சு விட்டுருங்களேன்.”

பின்னால் நின்றவர்கள் சிரித்தார்கள். ஆத்மநாதனும் சிரித்தார். ராத்திரி படுத்து யோசித்தபோது அது நல்ல யோசனையாகத்தான் பட்டது. எக்ஸ்ரே லேப் வைத்திருக்கிற சந்தோஷ், அவருடைய படத்தை முப்பத்தொரு பிரதி போட்டுக் கொடுத்தான். முப்பத்தொரு பேரின் பெயரையும் சீட்டில் எழுதி, கோந்து தடவி, அவரே ஒட்டினார். பிறகு வருடா வருடம் அப்படித்தான் நடந்தது. “சாரோட நெஞ்சுதான் எங்க எல்லாத்துக்கும்” என்று ராக்கன் டீக்கடையில் சொல்லிச் சிரிப்பான்.

அந்த ராக்கன்தான் செத்துப்போனான். கருமாதி முடிந்த மறுநாள், புதன்கிழமை சாயங்காலம், அவன் மனைவி உண்ணாமலை ஆபீசுக்கு வந்தாள். செருப்பைக் கழற்றிவிட்டு வந்தாள். உட்காரச் சொன்னதற்கு உட்காரவில்லை.

“பெரியாஸ்பத்திரில போன வருசப் படம் கேட்டாக. ஃபைல்ல இருந்தத நீங்கதான் குடுத்தீங்க. போன வருசம் இம்புட்டுச் சுத்தமா இருந்த நெஞ்சு, கல்லுத்தூசின்னா ஒரே வருசத்துல இப்படி ஆகாதே, இது டிபியாத்தான் இருக்கும்னு மாத்திரை குடுத்தாக. பத்து மாசம் தின்னாரு சார். கடைசில ஒக்காந்துக்கிட்டே தூங்குனாரு. படுத்தா மூச்சு நின்னுரும்னு.”

ஆத்மநாதன் பேனா மூடியைத் திறந்து திறந்து மூடினார்.

“அவுக போய்ட்டாக. இப்ப என் தம்பி கவியரசன் அதே இருமல் இருமுறான். அவன் ஃபைல்ல இருக்கதும் ஒங்க படந்தான. அது இவங்க படம் இல்லன்னு ஒரு வரி எழுதிக் குடுங்க சார். அவனையாச்சும் சரியாப் பாப்பாக.”

“ஃபைல்ல இருக்கறதுதாம்மா அவங்க படம். பேரு எழுதி ஒட்டியிருக்குல்ல.”

“அப்ப அது எங்க வீட்டுக்காரரு நெஞ்சுதான்.”

“ஆமா.”

“எழுதுனபடிக்கு.”

“எழுதுனபடிக்குத்தாம்மா எல்லாம்.”

அவள் அழுவாள் என்று எதிர்பார்த்தார். அழுதால் தண்ணீர் கொடுத்து அனுப்பிவிடலாம். அவள் பையிலிருந்து பெரிய காகித உறையை எடுத்து மேசைமேல் வைத்தாள். பெரியாஸ்பத்திரியில் எடுத்த ராக்கனின் படம்.

“அப்ப ஃபைல்ல இருக்கத அவுகளே வச்சுக்கட்டும். இது ஒங்களுது.”

கதவை மெதுவாகச் சாத்திவிட்டுப் போனாள். மறுநாள் காலையில்தான் கண்ணாடியில் மாவு படிந்தது.

வெள்ளிக்கிழமை விடிந்தபோது, குளியலறையில் பல் தேய்த்துத் துப்பினார். வாயில் கல்லின் சுவை நின்றது. வெடி வைத்த பாறையில் மழை விழுந்தால் எழுகிற வாடை, சோப்பு நுரைக்கு நடுவிலும், இட்லித் தட்டிலும், மனைவி செல்வராணி தலையில் வைத்திருந்த பிச்சிப்பூவிலும் அடித்தது. ஏதாவது எரிகிறதா என்று கேட்டார். அவள் மூக்கை உறிஞ்சிப் பார்த்துவிட்டு இல்லை என்றாள். மகள் அர்ச்சனா வாசலில் ஓட்டப் பயிற்சி ஷூவுக்குக் கயிறு கட்டிக்கொண்டிருந்தாள். ஆயிரத்தைந்நூறு மீட்டரில் மாவட்டத்தில் முதலாவதாக வந்தவள். அடுத்த மாதம் விளையாட்டு விடுதியில் சேரப்போகிறாள். பதினாறு வயது. பேசுவதைவிட மூச்சு விடுவதில்தான் அவளுக்குக் கெட்டிக்காரத்தனம் அதிகம் என்று வீட்டில் கிண்டல் செய்வார்கள். அவளைத் தாண்டி மூன்று படி இறங்குவதற்குள் ஆத்மநாதனுக்கு இரைத்தது.

“என்னப்பா, கெழவனாயிட்டீங்களா?” என்று சிரித்தாள்.

அவரும் சிரிக்கப் பார்த்தார். நெஞ்சுக்குள் சல்லடை ஆடுகிற சத்தம் கேட்டது. மணல் சலிக்கும் பெரிய இரும்புச் சல்லடை, மாறாத ஒரே தாளத்தில் ஆடும் அந்தச் சத்தம் அவருக்குப் பழகிய சத்தம்தான். ஆனால் கிரஷர் அங்கிருந்து ஆறு கிலோமீட்டர்.

பத்தரை மணிக்கு டீ நேரம். கிரஷர் நின்றது. அறைக்குள் இருக்கப் பிடிக்காமல் ஆத்மநாதன் வெளியே வந்து நின்றார், அப்போதுதான் என்ன மாறியிருக்கிறது என்று புரிந்தது. யாரும் இருமவில்லை. பதினாறு வருடமாக டீ நேரம் என்றால் இருமல் நேரம்தான். ஒருவன் தொடங்கினால் வரிசையாக எல்லாரும் இருமி, காறித் துப்பி, பிறகுதான் டம்ளரைத் தொடுவார்கள். இன்று முப்பது பேரும் நிமிர்ந்து உட்கார்ந்திருந்தார்கள். முந்தாநாள் வரை பத்தடிக்கு ஒருமுறை குனிந்து நின்ற கவியரசன் சரளைக் குவியலின் உச்சிக்கு ஓடி ஏறி, ஓடி இறங்கினான்.

“நேத்துலருந்து நெஞ்சு லேசா இருக்கு சார்” என்றான். “புது நெஞ்சு மாதிரி.”

அவன் மார்பு ஏறி இறங்கியது. பக்கத்திலிருந்தவன் மார்பும் அதே நேரத்தில் ஏறி இறங்கியது. அதற்கடுத்தவனுக்கும். ஆத்மநாதன் வரிசையாகப் பார்த்துக்கொண்டே போனார். முப்பது மார்புகளும் ஒன்றாக ஏறின, ஒன்றாக இறங்கின. எந்தத் தாளத்தில் என்று புரிய அவருக்குச் சற்று நேரம் பிடித்தது. அவருடைய தாளத்தில்தான்.

மூச்சை நிறுத்திப் பார்த்தார்.

முப்பது பேரின் மூச்சும் நின்றது. டம்ளர் உதட்டில் இருக்க, பேச்சு பாதியில் இருக்க, அப்படியே. பீடிப் புகை ஒருவன் வாயிலேயே தேங்கி நின்றது. வலி வந்ததும் ஆத்மநாதன் வாயைத் திறந்து காற்றை இழுத்தார். முப்பது வாய்களும் திறந்து இழுத்தன. கவியரசன் விட்ட இடத்திலிருந்து பேச்சைத் தொடர்ந்தான்.

அன்று மதியம் சென்னையிலிருந்து முதலாளி போன் செய்தார். திங்கள்கிழமை இன்ஸ்பெக்‌ஷன். ஆள் செத்திருப்பதால் ஒவ்வொரு ஃபைலையும் பிரித்துப் பார்ப்பார்கள். புதுத் தேதியில் புதுப் படம் வேண்டும், செத்தவன் ஃபைலிலும் நல்ல படமாக இருக்க வேண்டும். “ஒங்களாலதான் ஆகும் ஆத்மநாதன்” என்றார்.

சனிக்கிழமை காலை புதுக்கோட்டைக்குப் பஸ் ஏறினார். சந்தோஷின் லேப் முதல் மாடியில். இருபத்திரண்டு படிகள், நான்கு இடங்களில் நின்றார். சட்டையைக் கழற்றி, குளிர்ந்த பலகையில் மார்பை ஒட்டி நின்றபோது, மூச்சை இழுத்துப் பிடிக்கும்படி சந்தோஷ் உள்ளேயிருந்து குரல் கொடுத்தான். கிரஷரில் முப்பது பேர் இப்போது என்ன செய்துகொண்டிருப்பார்கள் என்று நினைத்தார். டிரில் மெஷினோடு பாறை விளிம்பில் யாராவது நிற்கக்கூடும்.

கம்ப்யூட்டர் திரையில் படம் வந்தது. சந்தோஷ் சிரித்தபடிதான் ஆரம்பித்தான்.

“எத்தன வருசமாண்ணே டிரில் அடிக்கிறீங்க?”

பிறகு சிரிப்பை நிறுத்தினான். நெஞ்சுப் படத்தில் கறுப்பு என்றால் காற்று. கறுப்பு கொஞ்சம்தான் இருந்தது. மேலிருந்து கீழ்வரை வெள்ளை வெள்ளையாகப் புள்ளிகள், மேல்பக்கம் புள்ளிகள் சேர்ந்து கட்டிகள்.

“இது மிசின் கோளாறாத்தான் இருக்கணும். நீங்க ஏசில இருக்க ஆளு. ஆமா, இந்த எலும்பு எப்பண்ணே ஒடஞ்சுச்சு?”

இடப்பக்கம் ஏழாவது விலா எலும்பு ஒடிந்து கோணலாகக் கூடியிருந்தது. ஆத்மநாதனுக்கு எந்த எலும்பும் ஒடிந்ததில்லை. ராக்கனுக்கு ஒடிந்தது, ஐந்து வருடத்துக்கு முன்னால், குவாரியில் கல் உருண்டு. வீட்டில் சைக்கிளிலிருந்து விழுந்தான் என்று ஆத்மநாதன்தான் எழுதிவைத்தார். இப்போது சட்டைக்குள் கையை விட்டுத் தடவினார். கோணல் விரலில் தட்டுப்பட்டது.

“இந்தப் படத்த வைக்க முடியாதுண்ணே” என்றான் சந்தோஷ். “வேற நல்ல நெஞ்சாத்தான் வேணும். நம்ம பாப்பா படம் இருக்கே, போன மாசம் ஹாஸ்டலுக்கு எடுத்தது. அம்புட்டும் சுத்தம். வயசு, பேரு எல்லாத்தையும் எடுத்துட்டு அடிச்சிருவோம்.”

“வேணாம்” என்றார் ஆத்மநாதன். கத்தியே சொல்லிவிட்டார். வெளியே உட்கார்ந்திருந்த இரண்டு பேர் திரும்பிப் பார்த்தார்கள்.

படி இறங்கினார். எட்டாவது படியில் உட்கார்ந்தார். பதினான்காவது படியில் உட்கார்ந்தார். கடைசிப் படியில் உட்கார்ந்தபோது கண்ணுக்கு முன்னால் கறுப்புப் பூச்சி பறந்தது; பஸ் ஸ்டாண்டு வரைக்கும்கூட போய்ச் சேர முடியாது என்று தெரிந்தது. அங்கே உட்கார்ந்தபடியே சந்தோஷுக்குப் போன் செய்தார்.

“அடிச்சு வையி” என்றார்.

ஞாயிற்றுக்கிழமை சாயங்காலம் செல்வராணி கோயிலுக்குப் போயிருந்தாள். சாப்பாட்டு மேசையில் முப்பத்தொரு படங்கள், முப்பத்தொரு சீட்டுகள், கோந்துப் புட்டி. பழைய படங்களை ஃபைல்களிலிருந்து எடுத்து நாற்காலியில் அடுக்கியிருந்தார். ஜன்னலுக்கு வெளியே பக்கத்துக் காலி மனையில் அர்ச்சனா ஓடிக்கொண்டிருந்தாள். தினமும் முப்பது சுற்று. அவள் காலடி சரளையில் பதிந்து, ஜன்னலருகே வந்து, விலகிப் போய், மறுபடி வரும்.

முதலில் ஒரு வெள்ளைத் தாளை எடுத்தார். இதுவும் நடந்தது, இதையும் சொல்லத்தான் வேண்டும். ‘ஃபைல்களில் உள்ள படங்கள் தொழிலாளர்களுடையவை அல்ல’ என்று எழுதினார். எழுதும்போதே நெஞ்சில் ஏதோ ஓரிடம் இளகியது. கையெழுத்துப் போட்டால் போதும், அவரவர் நெஞ்சு அவரவரிடம் போகும், மகளை யாரும் தொடமாட்டார்கள். பேனா தாளில் நின்றது. போலீஸ் ஜீப் இந்தத் தெருவுக்குள் வருவது தெரிந்தது. பக்கத்து வீட்டுக்காரர்கள் வாசலில் நிற்பது தெரிந்தது. தன் போட்டோ பேப்பரில் வருவது தெரிந்தது. தாளைக் கசக்கிப் பைக்குள் போட்டுக்கொண்டார்.

வெறும் படம்தானே என்று வாய்விட்டே சொன்னார். அப்படி இல்லை என்று அவருக்குத் தெரியும். டீ நேரத்தில் பார்த்தவர் அவர்.

முதல் சீட்டு. கோந்து தடவி, படத்தின் மூலையில் வைத்து, கட்டை விரலால் அழுத்தினார்.

காற்று வந்தது. மூன்று நாளாக உள்ளே இறங்காத காற்று மூக்கு வழியே கொஞ்சம் இறங்கியது. அவர் அறியாமலே கை இரண்டாவது சீட்டை எடுத்திருந்தது. மூன்றாவது. நான்காவது. ஐந்தாவதில் கல்லின் வாடை போனது. எட்டாவதில் பக்கத்து வீட்டில் யாரோ கடுகு தாளிப்பது மணத்தது. கவியரசன் பெயரை எழுதிய சீட்டு பன்னிரண்டாவதாக வந்தது, அதையும் ஒட்டினார். நெஞ்சுக்குள் ஆடிய சல்லடை மெதுவாகி நின்றது. நல்ல தாகத்தில் தண்ணீர்ச் செம்பை வாயிலிருந்து எடுக்க முடியாதே, அப்படித்தான் இருந்தது.

வெளியே காலடி வந்து போய்க்கொண்டிருந்தது. பன்னிரண்டாவதற்கு முன்பு எப்படி வந்ததோ அப்படி இல்லை. இடைவெளி கூடியிருந்தது.

அவள் களைத்திருப்பாள் என்று நினைத்தார். அவள் களைத்து அவர் பார்த்ததில்லை.

இருபதோடு நிறுத்திவிடலாம் என்று நினைத்தார். இருபதாவதை ஒட்டினார். இருபத்தொன்றை எடுத்தார்.

காலடி ஜன்னலருகே வந்தது. இழுத்து இழுத்து வந்தது. அதோடு இன்னொரு சத்தமும் வந்தது. மணல் சலிக்கும் சத்தம்.

இருபத்தைந்து.

“அப்பா.”

அவர் தலையைத் தூக்கவில்லை.

“அப்பா, எனக்கு என்னமோ மாதிரி இருக்கு.”

“ஒக்காரு. வாரேன்” என்றார். அவர் குரல் கணீரென்று இருந்தது. எத்தனையோ வருடமாக அப்படி ஒரு குரல் அவருக்கு இருந்ததில்லை. இருபத்தாறு. இருபத்தேழு. கண்ணீர் வந்து படத்தின்மேல் சொட்டியது. துடைத்தார். இருபத்தெட்டு. ஈரத்தில் கோந்து பிடிக்காது. இருபத்தொன்பது.

முப்பது.

காலடி இல்லை.

மேசையில் ஒரே ஒரு சீட்டு மிச்சம் இருந்தது. ராக்கன்.

மற்ற முப்பது பேரும் நோயாளிகள். ஆனாலும் உயிரோடு இருப்பவர்கள். இது செத்தவன் நெஞ்சு. அதில் இப்போது மூச்சே கிடையாது. ஆத்மநாதன் இடது விலாவைத் தடவினார். கோணல் இன்னும் இருந்தது. அங்கே மட்டும், உள்ளங்கை அகலத்துக்கு, இன்னும் கல் இருந்தது. அதோடு காலம் தள்ளிவிடலாம். எத்தனையோ பேர் தள்ளுகிறார்கள். இந்த ஒரு சீட்டைக் கிழித்துப் போட்டுவிட்டு எழுந்து ஓடினால் வாசலுக்கு ஏழெட்டு அடிதான்.

வலித்தது.

கொஞ்சம்தான் வலித்தது.

கோந்துப் புட்டியைத் திறந்தார்.

ஜன்னல் கம்பியில் இரண்டு கைகள் வந்து பற்றின. அர்ச்சனாவின் முகம் கம்பிகளுக்கு நடுவே எழுந்தது. தலைமுடியிலிருந்து புருவம் வரை சாம்பல் நிறம். வாய் முழுதாகத் திறந்திருந்தது. கத்துவதற்காகத் திறந்த வாய் இல்லை. உள்ளே எதையாவது இழுப்பதற்காகத் திறந்தது. கழுத்து நரம்பு புடைத்து, தோள் இரண்டும் காதுவரை ஏறி, ஏறியது இறங்காமல் நின்றாள். அவள் அவரைப் பார்க்கவில்லை. அவர் கையிலிருந்த படத்தைப் பார்த்தாள். தன்னுடையது என்று அடையாளம் தெரிந்துவிட்டது போலத்தான் பார்த்தாள்.

ஆத்மநாதன் சீட்டைப் படத்தின் மூலையில் வைத்தார்.

மகளின் கண்ணைப் பார்த்துக்கொண்டே, ஓரம் தூக்காதபடி கட்டை விரலால் அழுத்திப் பிடித்தபடி, நெஞ்சு நிறைய மூச்சை இழுத்தார்.